கதவு தானாக மூடிக்கொண்டதா?

சென்னையில் மருத்துவக் கோடிங் பயிலும் பிள்ளைகளுக்கு,

போன மாதம் கணினித் திரை வழியாக உங்கள் வகுப்பில் ஒரு மணி நேரம் பேசினேன். முப்பத்தொரு பேர் இருந்தீர்கள். எண்ணுவது என் வழக்கம், எண்ணாவிட்டால் எனக்கு நிம்மதி இல்லை. முடிவில் உங்களில் ஒரு பெண் கேட்டாள்: "சார், ஃபிஜியில முதன்முதலா பனிக்கடிக்குக் கோடு நம்பர் போட்டவர் நீங்கதான்னு எங்க மேடம் சொன்னாங்க. அங்க பனியே கிடையாதே சார்?"

எல்லோரும் சிரித்தீர்கள். நானும் சிரித்து, "பனி இல்லன்னா என்னம்மா, ஃப்ரீசர் இருக்கே" என்றேன். இன்னும் பலமாகச் சிரித்தீர்கள். திரையை அணைத்ததும் பின்னால் துணி மடித்துக்கொண்டிருந்த என் மனைவி, "இன்னமுமா அதைச் சொல்லிக்கிட்டுத் திரியறீங்க?" என்றாள்.

உங்கள் ஆசிரியைக்கு அந்த வேடிக்கையைச் சொன்னவன் நான்தான். நாம் எல்லோரும் சிரித்த அந்த இடத்தில் ஒரு மனிதர் இருக்கிறார். அவரை விட்டுவிட்டுக் கதை சொல்வது எனக்குக் கைவந்துவிட்டது. அதனால் முழுவதையும் எழுதுகிறேன்.

நான் ஃபிஜியின் நடபுவாவில் வளர்ந்தவன். வீட்டில் தமிழ், தெருவில் ஃபிஜி இந்தி, பள்ளியில் ஆங்கிலம். மருத்துவ ஆவணப் படிப்புக்காக இரண்டு வருடம் சென்னையில் இருந்ததால் தமிழ் எழுத வருகிறது. அங்கே எங்களுக்குப் பாடம் எடுத்தவர் முதல் நாளே சொன்னார்: "டாக்டர்கிட்ட சந்தேகம் கேட்டு எழுதும்போது உன் கேள்விக்குள்ள பதிலை வச்சு அனுப்பாதே. வச்சா, உன் பதில்தான் திரும்பி வரும்." பரீட்சையில் இதை எழுதி முழு மதிப்பெண் வாங்கினேன்.

இரண்டாயிரமாவது ஆண்டு ஆட்சிக் கவிழ்ப்பு நடந்து, இந்திய வம்சாவளியினரின் கடைகள் சூறையாடப்பட்டபோது நான் ஒரு மருத்துவமனையின் ஆவணப் பிரிவில் மூத்தவன். எண்பத்தேழில் நடந்த இரண்டையும் சேர்த்தால் எனக்கு அது மூன்றாவது. முந்தைய கிறிஸ்துமஸுக்கு எங்கள் பிரிவில் ஒன்பது பேர் சேர்ந்து கேக் வெட்டினோம். அடுத்த கிறிஸ்துமஸுக்கு நான்கு பேர். இடையில் வெட்டிய ஐந்தும் வழியனுப்பும் கேக்குகள். மருத்துவர்கள் இன்னும் வேகமாக நாட்டை விட்டுப் போனார்கள். ஒரு கையெழுத்தைப் படிக்க நாங்கள் பழகுவதற்குள் அந்தக் கை மெல்பர்னில் இருக்கும்.

எதிர் மேசையில் லித்தியா. இந்த மண்ணின் பூர்வகுடிப் பெண், என்னைவிடப் பத்து வயது இளையவள். என்னை மாஸ்டர் என்பாள், பாதி மரியாதை, பாதி கிண்டல். எங்களுக்குள் பேச்சு ஆங்கிலத்தில்தான்.

ஒரு காலை அந்தக் கோப்பு என் மேசைக்கு வந்தது. பெயர் பெருமாள். நவுசோரிப் பக்கம் ஒரு இறைச்சிக் கடையில் ஃப்ரீசர் அறையைக் கவனிக்கும் வேலை. மருத்துவர் இரண்டு வரி எழுதியிருந்தார்: இடது கால் விரல்கள் குளிரில் உறைந்து பனிக்கடி, திசு இறந்திருக்கிறது, மூன்று விரல்கள் அகற்றப்பட்டன. ஃப்ரீசர் அறைக்குள் அடைபட்டவர்.

நான் நாற்காலியை விட்டு எழுந்தே விட்டேன். இருபத்திரண்டு வருட வேலையில் எண் புத்தகத்தில் பனிக்கடிப் பக்கத்தை நான் திறந்ததே இல்லை. எங்கள் ஊரில் கால் விரலை எடுத்தால் சர்க்கரை நோய், வேறு காரணம் யாரும் தேடுவதில்லை.

"லித்தியா, இங்கே வா! பனிக்கடி!"

"யாருக்கு? பெங்குவினுக்கா?"

மற்றவர்களும் ஓடி வந்தார்கள். புத்தகத்தில் அந்தப் பக்கம் புத்தம் புதிதாக இருந்தது, ஒரு விரல் கறைகூட இல்லை. ஒருவன் என் கையைக் குலுக்கினான். நான் பென்சிலைக் கூர் தீட்டி எண்ணை எழுதினேன். உங்களுக்குச் சொன்ன வேடிக்கை இந்த இடத்தில் முடிந்துவிடும்.

லித்தியா மட்டும் கோப்பைப் புரட்டிக்கொண்டிருந்தாள். அவள் சிரிப்பு நின்றுபோனது.

"மாஸ்டர், கதவை யார் மூடினது?"

உங்களுக்குத் தெரிந்ததுதான், வயதானவன் என்பதால் திரும்பச் சொல்கிறேன். காயம் என்றால் இரண்டு எண். ஒன்று காயத்துக்கு. இன்னொன்று அது எப்படி ஏற்பட்டது என்பதற்கு: விபத்தா, தானே செய்துகொண்டதா, பிறர் செய்ததா. அவள் கேட்டது இரண்டாவது எண்ணை.

செவிலியர் குறிப்பில் அது இருந்தது. கடைக்குள் புகுந்தவர்கள் தன்னை ஃப்ரீசர் அறைக்குள் தள்ளி வெளியே தாழ் போட்டுவிட்டதாக நோயாளி சொல்கிறார். தரை கழுவிக்கொண்டிருந்ததால் கால் ஈரம், செருப்பு மட்டும் போட்டிருந்தார். கடையின் வேன் ஓட்டுநர் வந்து திறந்து மருத்துவமனைக்குக் கொண்டுவந்தார். போலீசுக்குச் சொல்ல வேண்டாம் என்கிறார். அழுகிறார்.

"எழுதியிருக்கே. போடு," என்றாள் லித்தியா.

"டாக்டர் எழுதவில்லையே. ஒரு கொயரிச் சீட்டு போட்டு அவரையே கேட்டுவிடலாம்."

"எதற்கு? காயம் எப்படி ஏற்பட்டது என்பதற்கு நர்ஸ் எழுதியது போதும். எனக்கு இந்த விதியைச் சொல்லிக்கொடுத்ததே நீதான்."

"காலம் சரியில்லை, லித்தியா."

"காலத்துக்கு என்ன எண், மாஸ்டர்?"

அவள் அதோடு விட்டுவிட்டாள். நான் விடவில்லை.

அப்போது நான் கனடாவில் குடியேற விண்ணப்பித்திருந்தேன். வயதுக்கு இத்தனை புள்ளி, படிப்புக்கு இத்தனை, மொழிக்கு இத்தனை என்று கூட்டிப் பார்ப்பேன். ஒவ்வொரு முறையும் தேவையானதற்கு மேல் ஒன்றிரண்டு மட்டும் மிஞ்சும். போலீஸ் நற்சான்று இன்னும் வரவில்லை. காயங்களின் காரண அட்டவணை மாதாமாதம் மேலிடத்துக்குப் போகும், கீழே என் சுருக்கொப்பம் இருக்கும். அந்தக் கலவர மாதத்தில் பிறர் செய்த காயங்களின் கட்டத்தில் ஒன்று கூடினால், யாராவது அதை எண்ணுவார், யார் போட்டது என்று கேட்பார், என் நற்சான்று எங்கோ ஒரு மேசையில் தங்கிவிடும். இப்படி நினைத்தேன்.

யாரும் என்னை மிரட்டவில்லை. ஒரு சொல், ஒரு தொலைபேசி, ஒரு முறைப்பு, எதுவும் இல்லை. இருந்திருந்தால் இன்றைக்கு அதைச் சொல்லியாவது தப்பித்துக்கொள்வேன்.

சீட்டை எடுத்து மருத்துவருக்கு எழுதினேன்: "நோயாளி ஃப்ரீசர் அறையில் பணியில் இருந்தபோது கதவு தானாக மூடிக்கொண்டதா?" கீழே இரண்டு கட்டங்கள் வரைந்தேன். ஆம், இல்லை.

அந்த மருத்துவர் பா என்ற ஊரைச் சேர்ந்தவர், நல்லவர். அதே வாரம் பிரிஸ்பேனுக்குக் குடும்பத்தோடு கிளம்புகிறார். அவர் அறையில் புத்தகங்கள் ஏற்கெனவே அட்டைப் பெட்டிக்குள் போய்விட்டன.

"கித்னா பாக்கி ஹை, பையா?" என்று இந்தியில் கேட்டார். இன்னும் எத்தனை மிச்சம், அண்ணா, என்று.

"பதினேழு சீட்டு, டாக்டர்."

நின்றுகொண்டே கையெழுத்துப் போட ஆரம்பித்தார். முதலில் ஒவ்வொன்றையும் படித்தார். பிறகு வேகம் பிடித்தது. பெருமாளின் சீட்டைப் பன்னிரண்டாவதாக வைத்திருந்தேன். முதலில் வைத்தால் படிப்பார், கடைசியில் வைத்தாலும் படிப்பார் என்பது எனக்குத் தெரியும். ஆம் என்ற கட்டத்தில் குறி விழுந்தது. கையெழுத்து விழுந்தது. "நீயும் சீக்கிரம் வந்து சேர்" என்று என் தோளைத் தட்டினார்.

விபத்து என்று எண் போட்டேன். லித்தியா சீட்டை வாங்கிப் படித்தாள். "அழகான கேள்வி, மாஸ்டர்," என்றாள். அந்த வாரம் முழுவதும் அவள் சாப்பாட்டு டப்பா என் மேசைப் பக்கம் வரவில்லை.

கனடா விஷயத்தை இங்கேயே முடித்துவிடுகிறேன். நற்சான்று ஒரு சிக்கலும் இல்லாமல் வந்தது. மற்ற காகிதங்கள் தாமதமாகி, அதற்குள் என் பிறந்தநாள் வந்து, வயதுக்கான புள்ளி குறைந்து, நான் இங்கேயே தங்கிவிட்டேன். நாட்டுப்பற்று என்று சிலர் பாராட்டினார்கள். மறுக்கவில்லை.

இரண்டு வருடம் கழித்துப் பெருமாள் மனைவியோடு எங்கள் பிரிவுக்கு வந்தார். அதுவரை நான் அவரைப் பார்த்ததில்லை. உயரமான மனிதர். இடது காலை ஊன்றும்போது உடம்பு ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு நேராகும். கரும்புத் தோட்டக் குடும்பம், அம்மாவோடு பேசிய தமிழ் அவரிடம் மிச்சமிருந்தது.

"அண்ணே, நீங்க தமிழ்னு வெளியில சொன்னாங்க. இதைக் கொஞ்சம் பாருங்க." நாங்கள் கொடுத்த மருத்துவச் சுருக்கம். "இதுல ஆக்சிடென்ட்னு போட்டிருக்கு. எனக்கு ஆக்சிடென்ட் ஒண்ணும் ஆகலையே."

"மூணு விரலும் பழுத்துத் தானா விழுந்துச்சுன்னு போடாம விட்டாங்களே, அதுவரைக்கும் நல்லது," என்றார் மனைவி.

"நீ கொஞ்சம் சும்மா இரு."

"நான் எதுக்குச் சும்மா இருக்கணும்? நீ சும்மா இருந்துதானே இங்க வந்து நிக்கிறோம்."

விஷயம் இதுதான். மனைவியின் தம்பி நியூசிலாந்தின் ஆக்லாந்தில் இருந்தான். வக்கீல் வைத்து, இவர்களுக்கு அங்கே அடைக்கலம் கேட்டு எழுதியிருந்தார்கள். பயம் எல்லோருக்கும் உண்டு, உங்களுக்கு என்ன நடந்தது என்று காட்டுங்கள் என்று பதில் வந்திருந்தது. போலீசில் புகார் கிடையாது. கடை முதலாளி கடையை விற்றுவிட்டுப் போய்விட்டார். வேன் ஓட்டுநர் கதவைத் திறந்தவர், அது மூடப்பட்டதைப் பார்த்தவர் இல்லை. மிச்சம் எங்கள் கோப்பு மட்டும்.

"அந்த ஆளுங்க எங்கயும் போயிடல அண்ணே," என்றார் பெருமாள். "வாரத்துல ரெண்டு நாள் எதிர்ல வராங்க. புலான்னு நல்லா சிரிச்சு வணக்கம் சொல்றாங்க. நானும் புலாங்கறேன். என்ன பண்றது? அப்புறம் ராத்திரி கால் குளிர ஆரம்பிச்சுடுது. இல்லாத விரல் குளிருது."

நான் மேசையைப் பார்த்துக்கொண்டு, "டாக்டர் உறுதிப்படுத்திட்டார். அவர் கையெழுத்து இருக்கு. நாங்க மாத்த முடியாது," என்றேன். மூன்று வாக்கியங்கள், மூன்றும் உண்மை.

"அந்த டாக்டரைப் பாக்க முடியுமா?"

"பிரிஸ்பேன்ல இருக்கார்."

"எல்லாரும் போயிட்டாங்க," என்றார் மனைவி. "போக முடியாதவங்களை மட்டும்தான் சாட்சி கொண்டாங்கறாங்க."

எதிர் மேசையில் லித்தியாவுக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அந்தக் காலைப் பார்த்தாள், என் முகத்தைப் பார்த்தாள். எழுந்து போய்க் கோப்பைத் தேடி எடுத்து வந்து, என்னிடம் கேட்காமல், பெருமாளின் முன்னால் விரித்து வைத்தாள். தன் கோப்பைப் பார்க்க அவருக்கு உரிமை உண்டு.

எங்கள் ஊரில் எட்டாம் வகுப்பு படித்தவருக்கும் ஆங்கிலம் வாசிக்க வரும். அவர் என் சீட்டை மெதுவாக வாசித்தார். விரலால் வரியைத் தொட்டுக்கொண்டே போனார்.

"இந்தக் கேள்வி எழுதினது யாரு அண்ணே?"

"நான்தான்."

அவர் கத்துவார் என்று எதிர்பார்த்தேன். உண்மையில், கத்த வேண்டும் என்று விரும்பினேன். கத்தியிருந்தால் நானும் பதிலுக்கு விதி எண் சொல்லியிருப்பேன்.

"நல்லாத்தான் கேட்டிருக்கீங்க," என்றார். "அன்னைக்கு இப்படி என்கிட்ட கேட்டிருந்தா நானும் ஆமான்னுதான் சொல்லியிருப்பேன். அவ்வளவு பயம். வார்டுல ரெண்டு மூணு பேர் கேட்டாங்க. வேலைல அடிபட்டுச்சா, தவறி மாட்டிக்கிட்டியான்னு. எல்லாருக்கும் தலையாட்டினேன். அந்த நர்ஸ் அம்மா ஒண்ணுமே கேக்கல. காலுக்குக் கட்டு போட்டுக்கிட்டே சும்மா இருந்தாங்க. அவங்ககிட்டதான் வாய் வந்துச்சு."

மனைவி அவர் கையிலிருந்த மருத்துவச் சுருக்கத்தைப் பிடுங்கிப் பையில் வைத்தார். "வா, பஸ் போயிடும்."

இந்த வேலையில் நான் கற்றதில் பெரியது அவர் சொன்னதுதான், பிள்ளைகளே. அதை எனக்குச் சொன்னவரிடமிருந்து அவருடைய ஒரே சாட்சியை அதற்குள் நான் எடுத்துக்கொண்டுவிட்டிருந்தேன்.

செய்யக்கூடியதைச் செய்தேன், தாமதமாக. செவிலியர் குறிப்பின் நகலை முத்திரை வைத்துக் கொடுத்தேன். பிரிஸ்பேனுக்கு எழுதினேன். இந்த முறை கட்டங்கள் இல்லை: "இந்த நோயாளி ஃப்ரீசர் அறையில் எப்படி அடைபட்டார் என்று உங்களுக்கு நினைவிருப்பதை எழுதுங்கள்." கீழே அரைப் பக்கம் வெறுமையாக விட்டேன். என் சீட்டு சரியில்லை என்பதையும் அவருக்கு எழுதியிருக்க வேண்டும். அதை எழுதவில்லை. எழுதினால் வேலை போகும் என்று எண்ணினேன், ஓய்வூதியத்துக்கு மிச்சமிருந்த வருடங்களை எண்ணினேன்.

மருத்துவர் உடனே பதில் போட்டார். மரியாதையான பதில். எத்தனையோ நோயாளிகள், நினைவில்லை, அப்போது நான் ஆம் என்று குறித்திருந்தால் அதுவே சரியாக இருக்கும் என்று எழுதியிருந்தார். என்னை நம்பி எழுதினார். அவருக்குப் பன்னிரண்டாவது சீட்டைப் பற்றித் தெரியாது.

ஆக்லாந்திலிருந்து வந்த முடிவைப் பெருமாளின் மனைவி கொண்டுவந்து லித்தியாவிடம் காட்டிவிட்டுப் போனார். என்னிடம் காட்டவில்லை. செவிலியர், நோயாளி சொல்லக் கேட்டதை எழுதியிருக்கிறார், சிகிச்சை அளித்த மருத்துவரோ பணியிட விபத்து என்று எழுத்துமூலம் உறுதி செய்திருக்கிறார், ஆகவே ஏற்க இயலவில்லை. லித்தியா எனக்கு வாசித்துக் காட்டினாள், ஏற்ற இறக்கம் இல்லாமல், அட்டவணை வாசிப்பதுபோல.

நான் ஓய்வு பெற்ற நாளில் வெள்ளை ஐசிங் போட்ட கேக் வாங்கியிருந்தார்கள், பனியாம். பனிக்கடிக் கதையை ஒரு இளைஞன் நடித்தே காட்டினான். எல்லோரும் சிரித்தார்கள், நானும். லித்தியா தன் துண்டைத் தொடாமல் வைத்துவிட்டு எழுந்து போனாள்.

இப்போது உங்களுக்கு. உங்கள் திரையில் வரும் நோயாளி உங்கள் கவுண்டருக்கு வந்து நிற்க மாட்டார். அவர் கால் இழுத்து நடப்பதை நீங்கள் பார்க்கப் போவதில்லை. அதனால் உங்களுக்கு என்னைவிட ஆபத்து அதிகம். கோப்பிலேயே பதில் இருக்கும்போது கொயரி எழுதத் தோன்றினால் கையை எடுத்துவிடுங்கள். அந்த நேரத்தில் நீங்கள் தேடுவது வேறு பதில். கேட்டே ஆக வேண்டுமென்றால் என்ன நடந்தது என்று மட்டும் கேளுங்கள், இடம் விடுங்கள், காத்திருங்கள். காத்திருப்பதற்கு உங்கள் மேலாளர் நேரம் தரமாட்டார் என்பதும் எனக்குத் தெரியும்.

பெருமாள் இங்கேதான் இருக்கிறார். நவுசோரிச் சந்தையில் தாலோ என்னும் சேப்பங்கிழங்கு விற்கிறார். சனிக்கிழமைகளில் போவேன். உங்களோடு பேசி முடித்த அந்த வாரமும் போனேன்.

"தாலோ இளசா இருக்கு. ஒரு கட்டு வேணுமா?" என்றார். பிறகு வழக்கம்போல, "ஆமாவா இல்லையா? சும்மா டிக் போடுங்க அண்ணே."

இத்தனை வருடமாக இந்தக் கேலியை வாங்கிக்கொள்கிறேன். விலையில் அவர் ஒருபோதும் என்னை ஏமாற்றியதில்லை.

நான் கிழங்கைப் பொறுக்கிக்கொண்டிருந்தபோது எங்களைப் போலவே நரைத்த ஒருவர் கூடையோடு கடந்து போனார். "புலா, பெருமாள்!" என்று கையை உயர்த்தினார். பெருமாளும் கையை உயர்த்தினார். "புலா." அந்தக் கை கீழே வருவதற்கு வழக்கத்தைவிடச் சற்று நேரம் எடுத்தது. இடது காலை மெதுவாகப் பெட்டிக்குப் பின்னால் இழுத்துக்கொண்டார்.

"இவர்தானா..." என்று ஆரம்பித்தேன். பாதியில் அந்தப் பழைய கேள்வி என் காதிலேயே விழுந்தது. நிறுத்திக்கொண்டேன்.

"அன்னைக்கு என்ன நடந்துச்சு, பெருமாள்?" என்றேன். இருபது வருடத்துக்கு மேலாகிறது, நான் அவரிடம் அதைக் கேட்டதே இல்லை.

கேட்டுவிட்டுச் சும்மா நின்றேன். அவர் தாலோக் கட்டைப் பிரித்து, வாடிய ஒன்றை எடுத்துவிட்டு வேறு வைத்து, திரும்பக் கட்டினார். கயிற்றை இறுக்கினார். கட்டை என் பையில் போட்டார். என் முகத்தைப் பார்த்தார். கோபம் இல்லை. ஒரு ஆளை நம்பலாமா என்று அளப்பதுபோலப் பார்த்தார்.

"உங்க பஸ் வந்துடுச்சு அண்ணே," என்றார்.